தனாசிஸ் வெங்கோஸ் படத்துக்கு ஆங்கில வசனக் கோப்பு தேவை

கிரேக்க நடிகர் தனாசிஸ் வெங்கோஸ் (1927–2011) பற்றி நான் எழுதும் கட்டுரை பாதியில் நிற்கிறது. பல படங்களில் தன் சொந்தப் பெயரிலேயே, தனாசிஸாகவே மூச்சிரைக்க ஓடியவர் அவர். அந்த ஓட்டத்தை வெறும் கோமாளித்தனம் என்று எழுதுவது அநியாயம். அதற்குச் சான்று, ஜெர்மானிய ஆக்கிரமிப்புக் காலத்தைச் சொல்லும் ‘போரில் என்ன செய்தாய், தனாசிஸ்?’ (1971).

ஏதென்ஸில் வாங்கிய இப்படத்தின் டிவிடி, மண்டலம் 2 (டிவிடியின் விற்பனைப் பகுதிக் குறியீடு). வீட்டு பிளேயர் ஏற்கவில்லை. கணினியில் விஎல்சி மென்பொருள் மூலம் ஓடுகிறது. கிரேக்க ஒலி மட்டுமே. இணையத்தில் கிடைத்த ஆங்கில வசனக் கோப்பு (சப்டைட்டில்) தொடக்கத்தில் பொருந்துகிறது. போகப் போகப் பிந்தி, முடிவில் சில நிமிடங்கள் விலகிவிடுகிறது. தாமதத்தைத் திருத்தினால் தொடக்கம் கெடுகிறது. கோப்பை நொடிக்கு 25 பிரேமுக்கு மாற்றினேன். பாதிவரை சரி, பிறகு ஒரு வெட்டில் தாவுகிறது.

இந்த டிவிடி பதிப்புக்குப் பொருந்தும் ஆங்கில வசனக் கோப்பு யாரிடமாவது இருக்கிறதா?