லாந்தனம் குளோரைடைச் சூடாக்கினால் தண்ணீரில் கரையாத வெள்ளைப் பொடி வருகிறது, ஏன்?

முதுகலை_மாணவி:
நீரற்ற லாந்தனம் குளோரைடு தேவைப்பட்டது. ஹெப்டாஹைட்ரேட்டை, அதாவது ஏழு தண்ணீர் மூலக்கூறுகள் சேர்ந்த படிகத்தை, பீங்கான் குரூசிபிளில் எடுத்து, காற்றுப் புகும் மஃபிள் உலையில் 500 டிகிரி செல்சியசில் வைத்தேன். 5.00 கிராமில் 2.57 மிஞ்சியது. தண்ணீரில் போட்டால் அடியில் தங்கிவிடுகிறது. நீர்த்த நைட்ரிக் அமிலத்தில் கரைகிறது. அதில் சில்வர் நைட்ரேட் விட்டால் வெள்ளை வீழ்படிவு. இது என்ன? திரும்பக் குளோரைடாக்க முடியுமா?

உலைக்காரர்:
எடையே சொல்லிவிட்டதம்மா. தண்ணீர் மட்டும் போயிருந்தால் 3.30 கிராம் இருக்கும். முழுக்க ஆக்சைடாகியிருந்தால் 2.19. உங்களுக்கு வந்திருப்பது லாந்தனம் ஆக்சிகுளோரைடு. அதற்குக் கணக்குப்படி 2.56. லாந்தனம், ஆக்சிஜன், குளோரின் மூன்றும் ஒன்றுக்கு ஒன்று. அந்தக் குளோரினைத்தான் வீழ்படிவு காட்டியது.

படிகத்திலேயே தண்ணீர் மூலக்கூறுகள் லாந்தனத்தோடு நேரடியாகப் பிணைந்திருக்கின்றன. மூன்று நேர்மின்சுமை உள்ள அந்த அயனிக்கு ஆக்சிஜன் மேல் பிடிப்பு அதிகம். சூடேறும்போது எல்லாத் தண்ணீரும் அப்படியே வெளியேறுவதில்லை. ஒரு பங்கு தன் ஹைட்ரஜனைக் குளோரைடிடம் கொடுத்து, ஆக்சிஜனை லாந்தனத்திடம் விட்டுவிடுகிறது. ஹைட்ரஜன் குளோரைடு வாயு உலையில் தங்காமல் போய்விடுவதால் வினை திரும்ப வழியில்லை. சீரியம் தவிர மற்ற அருமண் (லாந்தனத்தின் இனத்து உலோகங்கள்) குளோரைடுகளும் பெரும்பாலும் இப்படித்தான். அயனி சிறுத்தால் தொல்லை இன்னும் கூடும்.

திரும்பப் பெற முடியும். பொடியை ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் கரைத்து, அம்மோனியம் குளோரைடு, அதாவது நவச்சாரம் சேர்த்து வற்ற வையுங்கள். ஒரு மோல் லாந்தனத்துக்கு 6 மோலாவது போடுவது என் வழக்கம். இதில் கஞ்சத்தனம் கூடாது. வெற்றிடத்தில் முதலில் 200 டிகிரி வரை மெதுவாக ஏற்றி ஈரத்தை நன்றாகப் போக்குங்கள். அப்புறம் 400 வரை போனால் நவச்சாரம் அம்மோனியாவாகவும் ஹைட்ரஜன் குளோரைடாகவும் பிரிந்து, உருவாகும் ஆக்சிகுளோரைடைக் குளோரைடாக மாற்றிவிட்டுப் பதங்கமாகி வெளியேறும். துளி எடுத்துத் தண்ணீரில் போடுங்கள். கலங்கினால் இன்னும் ஆக்சிகுளோரைடு இருக்கிறது.

வினையூக்கி_ஆர்வலர்:
மொத்தத்தையும் மாற்றிவிடாதீர்கள், கொஞ்சம் எடுத்து வையுங்கள். மீத்தேன், ஹைட்ரஜன் குளோரைடு, ஆக்சிஜன் மூன்றையும் சேர்த்துக் குளோரோமீத்தேன் செய்ய இந்த ஆக்சிகுளோரைடு நல்ல வினையூக்கி. வினையின்போது அதன் மேற்பரப்பு குளோரினை வாங்கியும் கொடுத்தும் வேலை செய்கிறது. இதன் புரோமின் தம்பியான லாந்தனம் ஆக்சிபுரோமைடில் தூலியம் கலந்து எக்ஸ்ரே திரைகளே செய்தார்கள்.

முதுகலை_மாணவி:
நன்றி ஐயா. வெற்றிடக் குழாய் உலை பக்கத்துத் துறையில் இருக்கிறது, கேட்டுப் பார்க்கிறேன். வெளியேறும் வாயு பம்புக்குள் போகாமல் என்ன செய்வது?

உலைக்காரர்:
நடுவில் திரவ நைட்ரஜன் பொறி வையுங்கள், வாயு அந்தக் குளிரில் உறைந்து அங்கேயே தங்கிவிடும். குழாயின் குளிர்ந்த முனையில் நவச்சாரம் படிந்து அடைக்கும், அதனால் அகலமான குழாயாகக் கேளுங்கள்.