காலிஸ் ஆல்ரவுண்டரா, இல்லை பந்தும் போட்ட பேட்ஸ்மேனா?

இரண்டாவது ஸ்லிப்:
நேற்று கேன்டீனில் ஒருவர் உலகத்திலேயே பெரிய ஆல்ரவுண்டர் யார் என்று கேட்டார். சோபர்ஸ், இம்ரான், கபில், போத்தம், ஸ்டோக்ஸ் என்று ஆளுக்கொரு பெயர் சொல்லிவிட்டு டீ கிளாஸை வைத்துவிட்டு எழுந்துவிட்டார்கள். தென்னாப்பிரிக்காவின் ஜாக் காலிஸ் பெயர் ஒருத்தர் வாயிலும் வரவில்லை. எனக்கு இரவு தூக்கமே வரவில்லை, அதனால்தான் இங்கே வந்து புலம்புகிறேன். 166 டெஸ்ட், 13,289 ரன், சராசரி 55.37, 45 சதம். இத்தோடு நிறுத்தினாலே டெண்டுல்கர், பாண்டிங் உட்காரும் வரிசை. அதற்கு மேல் 292 விக்கெட், 200 கேட்ச். நம் ஜாகிர் கான் வாழ்நாள் முழுக்க ஓடி ஓடி டெஸ்டில் எடுத்தது 311. அதைவிட 19 விக்கெட்தான் குறைவு, அதுவும் மூன்றாவது நான்காவது இடத்தில் மட்டை பிடித்துக்கொண்டே. ஒருநாள் போட்டியில் 11,579 ரன், 273 விக்கெட் தனி. இன்னும் என்னதான் செய்ய வேண்டும் அந்த மனுஷன்?

சேப்பாக் வெயில்:
மொத்தக் கணக்கைக் காட்டி மிரட்டாதீர்கள் பாஸ். 292 விக்கெட் சரி, ஆனால் அது 166 டெஸ்டில். ஒரு டெஸ்டுக்கு இரண்டு விக்கெட் கூட வரவில்லை. ஒரே இன்னிங்ஸில் 5 விக்கெட் எடுத்தது மொத்தமே 5 தடவை. போட்ட பந்துகளை எண்ணிப் பாருங்கள், 20,232. டெஸ்டுக்கு 20 ஓவர் சொச்சம், அதுவும் இரண்டு இன்னிங்ஸும் சேர்த்து. இதை ஆல்ரவுண்டர் என்றால், மெயின் பவுலர் தண்ணீர் குடிக்கப் போகும் நேரத்தில் பந்து போடுபவர் எல்லாம் ஆல்ரவுண்டர்தான்.

பழைய ரேடியோ:
தம்பி சொல்வதில் விஷயம் இருக்கிறது. வெஸ்ட் இண்டீஸின் சோபர்ஸ் 93 டெஸ்டில் போட்டது 21,599 பந்து. பாதிக்குச் சற்று மேலான ஆட்டங்களில் காலிஸைவிட அதிகம். அதுவும் ஒரே மாதிரி இல்லை, புதுப் பந்தில் வேகம், அப்புறம் இடது கை ஸ்பின், அப்புறம் மணிக்கட்டைத் திருப்பிப் போடும் சைனாமேன். ஒரு அணியில் மூன்று பேர் செய்யும் வேலை.

1966 இங்கிலாந்து தொடரை எடுத்துக்கொள்ளுங்கள். ஐந்து டெஸ்டில் 722 ரன், 20 விக்கெட், 10 கேட்ச், கேப்டனும் அவரே. லார்ட்ஸில் இரண்டாவது இன்னிங்ஸில் 95க்கு 5 விக்கெட் போய்விட்டது, கையில் வெறும் 9 ரன் முன்னிலை. தன் உறவுக்காரப் பையன் டேவிட் ஹோல்ஃபோர்டை வைத்துக்கொண்டு பிரியாமல் 274 ரன் சேர்த்தார்.

அடுத்த ஜனவரியில் இங்கே நம்ம சேப்பாக்கத்துக்கு வந்தார்கள். எனக்குப் பத்து வயது. அப்பா கடைசி நாள் கூட்டிப்போனார். 193க்கு 7 விக்கெட், இந்தியா ஜெயித்துவிட்டது என்றே அக்கம்பக்கம் எல்லோரும் எழுந்து நின்றுவிட்டார்கள். ஒருபக்கம் சோபர்ஸ், மறுபக்கம் சார்லி கிரிஃபித், எதிரே பேடி சுழற்றிக்கொண்டிருக்கிறார். கிரிஃபித்துக்கு மட்டை எதற்கு என்றே தெரியாது என்று அப்பா சொன்னார். அந்த ஆள் 40 ரன் நாட் அவுட், சோபர்ஸ் 74 நாட் அவுட், ஆட்டம் டிரா. வீடு போய்ச் சேரும்வரை அப்பா ஒரு வார்த்தை பேசவில்லை.

இரண்டாவது ஸ்லிப்:
ஐயா, நேரில் பார்த்தவரோடு நான் சண்டைக்கு வர முடியாது. ஆனால் கணக்கு என்று வந்தால் முழுசாகப் பார்ப்போம். சோபர்ஸ் ஒரு விக்கெட் எடுக்க ஏறக்குறைய 92 பந்து தேவைப்பட்டது. காலிஸுக்கு 69. பந்துவீச்சு சராசரியிலும் (ஒரு விக்கெட்டுக்குக் கொடுத்த ரன், குறைந்தால் நல்லது) காலிஸ் 32.65, சோபர்ஸ் 34.03. அதிகம் போட்டார் என்பது உண்மைதான், ஆனால் போட்டதில் விக்கெட் விழுந்த வேகம் யாருக்கு அதிகம்? அப்புறம், டொனால்டு, பொல்லாக், நிட்டினி, ஸ்டெய்ன், மோர்கல் என்று ஆட்கள் இருக்கும் அணியில் ஒருவருக்கு 40 ஓவர் யார் கொடுப்பார்கள்? கேட்டபோது வந்து போட்டார், அதுதான் வேலை.

2003இல் காலிஸின் அப்பா புற்றுநோயில் போய்விட்டார். இங்கிலாந்து பயணத்தின் நடுவே வீட்டுக்குப் போய்விட்டுத் திரும்பி வந்த ஆள், லீட்ஸில் 54 ரன்னுக்கு 6 விக்கெட் எடுத்து டெஸ்டை ஜெயித்துக் கொடுத்தார். பிற்பாடு சட்டையில் போட்டுக்கொண்ட 65 என்ற எண், அப்பா இறந்த வயது.

சேப்பாக் வெயில்:
செண்டிமெண்ட் வேண்டாம் பாஸ், அதற்கு எல்லோரும் மரியாதை கொடுப்போம். என் பெரிய குறையே வேறு. டொக்கு, அதாவது அடிக்காமல் சும்மா தட்டித் தட்டி நிற்கும் சுயநல ஆட்டம். அணி எந்த நிலைமையில் இருந்தாலும் தனக்கென்று ஒரு வேகம், அதை மாற்றவே மாட்டார். 2007 உலகக் கோப்பை, செயின்ட் கிட்ஸ். ஆஸ்திரேலியா 377. ஸ்மித்தும் டிவில்லியர்ஸும் 160 ரன் போட்டு அடித்தளம் கொடுத்துவிட்டார்கள். காலிஸ் வந்து 63 பந்தில் 48. கடைசியில் 83 ரன் வித்தியாசத்தில் தோல்வி. 1999 அரையிறுதியிலும் 92 பந்தில் 53, அந்த ஆட்டம் டையில் முடிந்து தென்னாப்பிரிக்கா வெளியேறியது எல்லோருக்கும் தெரியும். 2007இல் முதல் டி20 உலகக் கோப்பைக்கு அவரைச் சேர்க்கவே இல்லையே, அவர்கள் நாட்டு ஆட்களே கோபத்தில் இருந்தார்கள் என்றுதானே அர்த்தம்?

மணி திருச்சி:
இடையில் புகுவதற்கு மன்னிக்கவும். டொக்கு டொக்கு என்கிறீர்களே, அந்த டொக்கை வைத்துத்தான் 1997 டிசம்பரில் மெல்போர்னில் கடைசி நாள் முழுக்க வார்னே, மெக்ராத்தைச் சமாளித்து முதல் சதம் அடித்து டெஸ்டைக் காப்பாற்றினார். வயது 22. அதே ஆள் 2005இல் கேப்டவுனில் ஜிம்பாப்வேக்கு எதிராக 24 பந்தில் அரைசதம் அடித்தார், அன்றைக்கு அது டெஸ்ட் உலக சாதனை. (ஜிம்பாப்வேதானே என்பீர்கள். சரி, ஒப்புக்கொள்கிறேன்.)

1998இல் டாக்காவில் நடந்த ஐசிசி நாக் அவுட் கோப்பையைப் பற்றி ஏன் யாருமே பேசுவதில்லை? அரையிறுதியில் இலங்கைக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 113, இறுதியில் வெஸ்ட் இண்டீஸுக்கு எதிராக 30 ரன்னுக்கு 5 விக்கெட், தொடர் நாயகன். தென்னாப்பிரிக்க ஆண்கள் அணி அதற்கப்புறம் ஒரு ஐசிசி கோப்பையைத் தொட 2025 ஜூன் வரை காத்திருந்தது.

பழைய ரேடியோ:
24 பந்து விஷயம் எனக்குத் தெரியாது, நன்றி. ஆனாலும் லார்ட்ஸில் காலிஸுக்கு ஒரு சதம்கூட இல்லையே. சோபர்ஸ் என்றால் ஒரு காட்சி கண்ணில் நிற்கும். காலிஸ் என்றால் கணக்குப் புத்தகம்தான் நினைவுக்கு வருகிறது, தம்பி கோபித்துக்கொள்ளக் கூடாது.

இரண்டாவது ஸ்லிப்:
காட்சிதானே வேண்டும் ஐயா? 2011 ஜனவரி, கேப்டவுன். முதல் இன்னிங்ஸில் 161. இரண்டாவதில் 130க்கு 6, ஹர்பஜன் சுழலில் விக்கெட்டாக விழுகிறது, நாம் தென்னாப்பிரிக்காவில் முதன்முதலாகத் தொடரை ஜெயிக்கப் போகிறோம் என்று நான் லீவ் போட்டு டிவி முன்னால் உட்கார்ந்திருக்கிறேன். விலாவில் வலியோடு, ஒவ்வொரு ஷாட்டுக்கும் முகத்தைச் சுளித்துக்கொண்டு, பவுச்சரை வைத்து 100 ரன்னுக்கு மேல் சேர்த்து, 109 நாட் அவுட். தொடர் 1-1. இன்றுவரை அங்கே நாம் டெஸ்ட் தொடர் ஜெயித்ததில்லை. உங்கள் அப்பா பேசாமல் நடந்தார் என்றீர்களே, அன்றைக்கு எங்கள் வீட்டிலும் அதேதான்.

2012 அடிலெய்டு இன்னொன்று. நான்காவது ஓவர் போட்டுக்கொண்டிருக்கும்போது தொடைத் தசை பிடித்துக்கொண்டது. அதற்குள் 2 விக்கெட் எடுத்துவிட்டார். ஓட முடியாது. வழக்கமான இடத்தில் இறங்காமல் கீழே வந்து, நொண்டிக்கொண்டே முதல் இன்னிங்ஸில் 58, கடைசி நாளில் 110 பந்துக்கு டொக்கு வைத்து 46. அறிமுக வீரர் டுபிளெசி மறுபக்கம் நின்று டெஸ்டைக் காப்பாற்றினார். அடுத்து பெர்த்தில் ஜெயித்துத் தொடரையே எடுத்துப் போனார்கள். இது சுயநலம் என்றால் எனக்கும் கொஞ்சம் கொடுங்கள்.

சேப்பாக் வெயில்:
அடிலெய்டை ஒப்புக்கொள்கிறேன். அந்த 46க்குத் தலைவணங்கலாம். ஆனால் இப்போது சொன்னதையே திரும்பப் பாருங்கள், மெல்போர்ன், கேப்டவுன், அடிலெய்டு எல்லாமே மட்டையால் காப்பாற்றியது. பந்தால் என்று கேட்டால் லீட்ஸ், டாக்கா இரண்டோடு நின்றுவிடுகிறது. தலைப்பில் இருக்கும் கேள்விக்கு என் பதில் மாறவில்லை.

மணி திருச்சி:
வெயில் அண்ணே, உங்கள் கோபத்துக்குக் காரணம் பந்துவீச்சு இல்லை. 2012 மே 27.

சேப்பாக் வெயில்:
அதை எடுக்காதீர்கள்.

மணி திருச்சி:
சேப்பாக்கத்தில் சென்னை 190 அடித்தும் காலிஸ் ஆடிய கொல்கத்தாவிடம் தோற்ற ஐபிஎல் இறுதி. பிஸ்லா 89, காலிஸ் 49 பந்தில் 69. டொக்கு எங்கே போச்சு அன்றைக்கு?

சேப்பாக் வெயில்:
பெவிலியனுக்கு எதிர்ப்பக்க கேலரியில் மஞ்சள் சட்டையோடு உட்கார்ந்திருந்தேன். பிஸ்லா அடித்தபோதுகூட நம்பிக்கை போகவில்லை, எந்நேரமும் அவுட் ஆகிவிடுவார் என்று தோன்றியது. மறுபக்கம் இந்த ஆள் அவசரமே இல்லாமல் ஒன்று இரண்டு எடுத்துக்கொண்டு நின்றாரே, அப்போதே பக்கத்து சீட்டில் ஒருவர் பையைக் கட்டிவிட்டார். ஆனால் அது டி20, நாம் பேசுவது டெஸ்ட். அதுவும் அன்றைக்கு அவர் செய்தது பேட்டிங்தான், பார்த்துக்கொள்ளுங்கள்.