வலிப்பு வரும் பையனுக்கு மூக்கு ஸ்பிரே: எத்தனை அழுத்தல், எப்போ?

கேள்வி (டீச்சர், அம்பாசமுத்திரம்):
ஆறாம் வகுப்புப் பையன், 25 கிலோ. வலிப்புக்கு மாத்திரை சாப்பிடுறான். அவங்க அம்மா மிடாசோலம் ஸ்பிரே கொடுத்து வச்சிருக்காங்க. சீட்டுல "5 மி.கி."ன்னு மட்டும்தான் இருக்கு. எத்தனை தடவை அழுத்தணும்? வந்த உடனே அடிச்சிரலாமா? வாட்ச்மேன் அண்ணாச்சி, சாவிக்கொத்தைக் கையில கொடுத்தாப் போதும்ங்காரு.

பதில் 1 (ஸ்டாஃப் நர்ஸ், பாளை):
லேபிளைப் பாருங்க டீச்சர். ஒரு அழுத்தலுக்கு 0.5 மி.கி. வர்ற பாட்டிலும் உண்டு, 1.25 வர்றதும் உண்டு. 0.5ன்னா 10 அழுத்தல், 1.25ன்னா 4. ரெண்டு மூக்குக்கும் பாதிப் பாதி. ஒரே பக்கம் அடிச்சா தொண்டைக்கு வழிஞ்சிரும், மருந்து ஏறாது. கிலோவுக்கு 0.2 மி.கி. கணக்கு, எடை கூடினா சீட்டை மாத்தி வாங்கச் சொல்லுங்க. புதுப் பாட்டில்னா சாரலா வர்ற வரைக்கும் முன்னாடியே காத்துல அடிச்சு வச்சிரணும்.

ஆரம்பிச்சதும் மணி பாருங்க. பெரும்பாலும் ரெண்டு மூணு நிமிஷத்துல தானா நின்னுரும். சீட்டுல வேற நேரம் போடலைன்னா, 5 நிமிஷம் ஆனதும் ஸ்பிரே, கூடவே 108. ரெண்டாவது டோஸ் நீங்களா கொடுக்க வேண்டாம்.

பதில் 2 (கேஷுவாலிட்டி நர்ஸ்):
சாவியைத் தேடிக் கொண்டு வர்றதுக்குள்ள வலிப்பு தானா நின்னுருது, பேரு சாவிக்கு. பெஞ்சை நகத்துங்க, தலைக்கடியில ஸ்கூல் பை, காலர் பட்டனையும் பெல்ட்டையும் தளர்த்துங்க. கை காலை அமுக்காதீங்க. வாயில ஸ்பூன், துணி, தண்ணி, சோடா எதுவும் கூடாது. பல் உடையும், புரையேறும். வெட்டு அடங்கினதும் இடது பக்கமா ஒருக்களிச்சுப் படுக்க வச்சு, எச்சில் வெளிய வடியற மாதிரி வாயைத் தரைப்பக்கம் சாய்ச்சு வைங்க. ஸ்பிரே கொடுத்தா நெஞ்சு ஏறி இறங்குதான்னு பாத்துக்கிட்டே இருக்கணும், அது மூச்சையும் மட்டுப்படுத்தும்.

எத்தனை மணிக்கு, எத்தனை மி.கி.ன்னு துண்டுச் சீட்டுல எழுதி அனுப்புங்க. அது தெரியாம இங்க லோராசெபாம் ஊசியை (அதுவும் இதே வகை வலிப்பு மருந்துதான்) முழு டோஸா ஏத்தினா மூச்சு இன்னும் அடங்கும்.

பதில் 3:
ஊர்க் கோயில் கொடைத் திருவிழாவுக்கு மறுநாள் அவன்மேல ஒரு கண்ணு வைங்க அக்கா. ராத்திரி முழிப்பு, விட்டுப்போன மாத்திரை, ரெண்டும் சேர்ந்தா வலிப்பு வரலாம். ஆத்துல வந்தா உடனே தலையைத் தண்ணிக்கு மேல தூக்கிப் பிடிக்கணும். தெளிஞ்சாலும் ஆஸ்பத்திரிதான், நுரையீரல்ல தண்ணி போயிருக்கலாம்.

டீச்சர்:
பாட்டில் 1.25தான். "4 அழுத்தல்"னு எழுதி ஒட்டியாச்சு. ஆபீஸ் பீரோவுல வைக்கலாமா?

பதில் 1:
பூட்டுற பீரோ வேண்டாம். பசங்களுக்கு எட்டாத, வெயில் படாத அலமாரி. இடம் வாட்ச்மேன் அண்ணாச்சிக்கும் தெரியணும்.