நியூ லானார்க் ஆலைக் கிராமம்: எவை பழைய கட்டடங்கள்?

கேள்வி: வணக்கம். ஸ்காட்லாந்திலுள்ள நியூ லானார்க் நூற்பாலைக் கிராமத்துக்கு அடுத்த மாதம் செல்லவிருக்கிறேன். இப்போது அங்கே நிற்பவற்றில் எவை தொடக்க காலத்தவை, எவை பின்னர் மாற்றப்பட்டவை என்று விவரம் அறிந்தவர்கள் சொல்ல இயலுமா?

மறுமொழி 1: கிளைட் ஆற்றின் அருவிகள் தரும் விசையை நம்பி டேவிட் டேல் 1785இல் கட்டத் தொடங்கிய இந்தப் பருத்தி ஆலைகளில், முதலாவது ஆலை 1788இல் தீக்கிரையாகி, மறு ஆண்டே மீண்டும் எழுப்பப்பட்டது. 1945இல் அதன் மேல்தளங்களை அகற்றிவிட்டார்கள். பிற்காலத்தில் அவற்றைத் திரும்பக் கட்டி, இப்போது விடுதியாக நடத்துகிறார்கள். ஆகவே அந்த மேல்பகுதியைப் பழையது என எண்ணிவிடாதீர்கள்.

மறுமொழி 2: 1800இல் நிர்வாகத்தை ஏற்ற ராபர்ட் ஓவன், 1816இல் திறந்த கல்விக்கூடத்தைத் தவறவிடாதீர்கள், மழலையர் பள்ளியும் அங்கேதான் நடந்தது. ஒவ்வொரு தொழிலாளியின் அருகிலும் நான்கு முகங்களுக்கு நான்கு நிறம் பூசிய சிறு மரக்கட்டை தொங்கியது. வெள்ளை முகம் முன்னே தெரிந்தால் முந்தைய நாள் நடத்தை மிக நன்று, கறுப்பு தெரிந்தால் மோசம் என்று பொருள். இதைப் பலர் புகழ்கிறார்கள். எனக்கோ அது ஓசையில்லாத கங்காணியாகவே தோன்றுகிறது.

மறுமொழி 3: ஒரு வேண்டுகோள், நண்பரே. 1968இல் ஆலை மூடப்பட்டு, 2001இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தபோதிலும், பழைய தொழிலாளர் குடியிருப்புகளில் இன்றும் மக்கள் வாழ்கிறார்கள். சன்னல் வழியே எட்டிப் பார்க்க வேண்டாம்.