ஹிந்தி சீரியலில் நாலு வசன வேடம்: மும்பைத் தமிழர் அனுபவங்கள் (பேசுபவர்கள் அவரவர் பகுதியின் பெயரில்)

மாட்டுங்கா:
பேங்க் மேனேஜர், டாக்டர், பக்கத்து வீட்டு மாமா. இந்த மாதிரி வேடங்களுக்கு வர்சோவா ஆராம் நகர் ஆடிஷனில் நம்மவர்கள் கழிவது பெரும்பாலும் உச்சரிப்பில்தான். வசனத்தைத் தமிழில் எழுதி மனப்பாடம் செய்தால் ஹிந்தியின் நாலு 'ப'வும் ஒன்றாகிவிடும். அண்ணனைக் கூப்பிட வேண்டிய இடத்தில் வீட்டு வேலைக்கு வரும் அம்மாவைக் கூப்பிட்டது போல் ஆகும். நம் சுலோகப் புத்தகங்களில் எழுத்தின் தலையில் எண் போட்டிருக்குமே, அப்படியே எழுதுங்கள். பா⁴யீ என்றால் அண்ணன், பா³யீ என்றால் வேலைக்கு வரும் அம்மா. வாய்க்கு முன்னால் மெல்லிய காகிதத்தைப் பிடித்துச் சொல்லிப் பாருங்கள். 4 போட்ட எழுத்துக்குக் காகிதம் நன்றாக ஆட வேண்டும்.

முலுண்ட்:
இப்போது பாதி ஆடிஷன் போனிலேயே முடிகிறது. போனைப் படுக்கை வாட்டில், கண் உயரத்தில் வையுங்கள். ஜன்னல் உங்களுக்கு எதிரே இருக்கட்டும்; முதுகுக்குப் பின்னால் இருந்தால் முகம் கறுத்துப் போகும். முதலில் பெயர், வயது, உயரம், எந்தத் தேதிகள் காலி என்று சொல்லுங்கள். பிறகு முகத்தின் இடப்பக்கம், வலப்பக்கம், இரண்டு கைகள் எல்லாம் காட்டுங்கள். எதிர் வேடத்தின் வசனத்தைப் படிப்பவர் லென்ஸை ஒட்டி நிற்கட்டும், பார்வை அவர் மேல். வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்பினால் தரம் குறையும், டாக்குமென்டாக அனுப்புங்கள்.

செம்பூர்:
மாட்டுங்கா சார் சொன்னதோடு ஒன்று. தமிழர் வேடம் என்றாலே நெற்றியில் பட்டை கேட்பார்கள். குழைத்துப் பூசிய திருநீறு ஈரத்தில் மங்கலாகத் தெரியும், காய்ந்த பிறகுதான் பளிச்சென்று வெளுக்கும். ஈரத்தோடு ஷாட்டுக்குப் போனால் அடுத்த ஷாட்டில் நெற்றி வேறு மாதிரி இருக்கும். நன்றாகக் காயவிட்டு, ஒரு போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். வாட்ச் எந்தக் கை, சட்டைக்கை எத்தனை மடிப்பு என்பதும் அதில் தெரிய வேண்டும். அந்தக் காட்சியின் மிச்சத்தை நாலு நாள் கழித்து எடுப்பார்கள். ஷாட்டுக்கு ஷாட் தோற்றம் மாறாமல் கன்டினியூட்டி பார்க்கும் உதவி இயக்குநருக்கு நாயகியின் புடவையே பெரும்பாடு, நம் சட்டைக்கையை நாம்தான் பார்க்க வேண்டும்.

முலுண்ட்:
ஒரே மாதிரி வேடம் வருகிறதே என்று மனம் விட வேண்டாம். ஹிந்தி நடிகர் ஜகதீஷ் ராஜ் 144 படங்களில் போலீஸ் இன்ஸ்பெக்டராக நடித்தார், கின்னஸில் ஏறிய கணக்கு அது. சீருடை ஒன்றுதான். ஆனால் படத்துக்குப் படம் ஆளெடுப்பவர்களுக்கு அந்த முகம் முதலில் நினைவுக்கு வந்தது. தமிழர் வேடத்தையும் தயங்காமல் எடுங்கள். ஆனால் 'ஐயையோ' என்று கத்தச் சொன்னால், நாங்கள் வீட்டில் இப்படித்தான் பேசுவோம் என்று இயல்பாக ஒரு டேக் நடித்துக் காட்டுங்கள். அதை ஏற்கிற இயக்குநர்கள் உண்டு.

மீரா ரோடு:
பணத்தைப் பற்றி யாரும் பேசவில்லையே. ஷிப்ட் 12 மணி நேரம். சீரியல் சம்பளம் 90 நாள் கழித்து வருவதுதான் இங்கே வழக்கம், அதனால் முதல் மூன்று மாத வாடகை கையில் இல்லாமல் இறங்காதீர்கள். சொல்லும் சம்பளம், வேடம் பிடித்துத் தரும் கோ-ஆர்டினேட்டரின் கமிஷன் பிடிப்புக்கு முன்னா பின்னா, கன்வேயன்ஸ் (போக்குவரத்துச் செலவு) தனியா என்று தேதி கொடுக்கும்போதே கேட்டுவிடுங்கள். டிடிஎஸ் (சம்பளத்திலேயே பிடிக்கும் வருமான வரி) 10 சதவீதம் பிடித்தால் அது உங்கள் பான் கணக்கில் ஏறியதா என்று பார்க்க வேண்டும். தினமும் பேக்கப் ஆனதும் (அன்றைய படப்பிடிப்பு முடிந்ததும்) வவுச்சரில் உள்ளே வந்த நேரம், வெளியே போன நேரம் எழுதியிருக்கிறதா என்று பார்த்துக் கையெழுத்துப் போட்டு, அங்கேயே படம் எடுங்கள். பணம் வராவிட்டால் நடிகர் சங்கத்திடம் போகும்போது அந்தப் படம்தான் பேசும். வேடத்துக்கு முன்பணம் கேட்பவரிடம் மட்டும் ஒரு ரூபாயும் கொடுக்காதீர்கள்.