பாலத்துப் பூதம் கேட்கும் பொருள் எது? விடை வேண்டாம், வழி மட்டும் சொல்லுங்கள்

கொக்குவில் பெரியம்மா:

வணக்கம். மூன்று சனிக்கிழமைகளாக ஒரு பாலத்தைக் கடக்க முடியாமல் நிற்கிறோம்.

நாங்கள் என்றால் நானும் என் தங்கையின் மகளும். பெறாமகளுக்குப் பத்து வயது. சனிக்கிழமை வகுப்பு முடிந்ததும் நேரே எங்கள் வீட்டுக்கு வந்துவிடுவாள். கனடாவில் இருக்கும் என் தம்பி 'த சீக்ரெட் ஆஃப் மங்கி ஐலண்ட்' என்ற விளையாட்டை வாங்கி, என் மடிக்கணினியின் உலாவியிலேயே இயங்கும்படி அமைத்துத் தந்திருக்கிறான். அது வெளிவந்தது 1990இல். அந்த ஆண்டு எங்கள் வீட்டில் ஜாம் போத்தல் விளக்குத்தான் எரிந்தது. கணினி என்ற சொல்லையே நான் கேட்டிருக்கவில்லை. ஆகவே இந்த விளையாட்டு எனக்கும் பிள்ளைக்கும் ஒரே அளவு புதிது. அதை நான் பெரும் பாக்கியமாக நினைக்கிறேன்.

தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக: கைப்ரஷ் என்றோர் இளைஞன் கடற்கொள்ளையன் ஆகும் ஆசையோடு ஒரு தீவுக்கு வருகிறான். திரையின் கீழே கொடு, எடு, திற, தள்ளு, பேசு என்பது போன்ற வினைச்சொற்கள் இருக்கும். முதலில் சொல்லைச் சொடுக்க வேண்டும், பிறகு பொருளைச் சொடுக்க வேண்டும். பிள்ளை அந்தச் சொற்களைத் தமிழில் ஒரு மட்டையில் எழுதித் திரைக்குக் கீழே ஒட்டிவைத்திருக்கிறாள். உரையாடல்களை நான் வாசித்துத் தமிழில் சொல்வேன். எதைச் சொடுக்குவது என்பது அவளுடைய முடிவு. என் அம்மா பின்னால் சாய்மனைக் கதிரையில் இருந்து பார்த்துக்கொண்டிருப்பார்.

அம்மாவைப் பற்றிச் சொல்லத்தான் வேண்டும். மாந்திரீகப் பெண்ணொருத்தியின் கடையில் இறப்பர்க் கோழி ஒன்று கிடைக்கிறது. அதன் நடுவில் ஒரு கப்பி. நானும் பிள்ளையும் ஒரு மணி நேரமாக அந்தக் கோழியைக் கண்டவர்களுக்கெல்லாம் நீட்டிப் பார்த்தோம். எவரும் வாங்கவில்லை. அம்மா ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "கப்பி இருக்கிறது, கயிறு எங்கே?" எத்தனையோ ஆண்டுகள் கிணற்றில் தண்ணீர் அள்ளியவர் அல்லவா! கடற்கரையிலிருந்து ஒரு கம்பி வடம் சின்னத் தீவொன்றுக்குப் போவதைப் பார்த்ததாகப் பிள்ளை உடனே நினைவுபடுத்தினாள். கோழியை அந்த வடத்தில் கொழுவினோம். கைப்ரஷ் அதைப் பிடித்துத் தொங்கியபடி கடலுக்கு மேலே வழுக்கிக்கொண்டு அக்கரை சேர்ந்தான். பிள்ளை சிரித்த சிரிப்பில் பக்கத்து வளவு நாய் குரைக்கத் தொடங்கிவிட்டது.

சர்க்கஸ் கூடாரத்தில் பீரங்கிக்குள் நுழையத் தலைக்கவசம் வேண்டும் என்றார்கள். மதுச்சாலையின் குசினியில் எடுத்த சட்டியைக் கொடுத்தோம். அதைப் பிள்ளை கேட்ட மாத்திரத்திலேயே கண்டுபிடித்தாள்.

ஆனால் பாலம்! அங்கே ஒரு பூதம் நின்று சுங்கம் கேட்கிறது. காசு வேண்டாமாம். கவனத்தை ஈர்க்கக்கூடியதாக இருக்க வேண்டும், ஆனால் உண்மையில் எந்த முக்கியத்துவமும் இல்லாததாகவும் இருக்க வேண்டும். அப்படி ஒன்று கொண்டுவரச் சொல்கிறது. இறைச்சித் துண்டையும் கோழியையும் கொடுத்துப் பார்த்துவிட்டோம். கடந்த வாரம் பண்ணைப் பாலத்தால் பஸ்ஸில் போனபோதும் பிள்ளை யன்னலால் எட்டிப் பார்த்து, இந்தப் பாலத்துப் பூதத்துக்கு என்ன கொடுக்கலாம் என்று கேட்டாள். அவ்வளவு தூரம் மனதில் ஏறிவிட்டது.

விடைகளை வரிசையாக எழுதிவைத்த பக்கங்கள் இருக்கின்றன என்பது தெரியும். நான் திறக்கவில்லை. சின்ன வயதில் அம்மா நொடி (விடுகதை) போடும்போது யாராவது முந்திக்கொண்டு விடையைச் சொல்லிவிட்டால் அன்றைக்கு அடுத்த நொடி கிடையாது. அந்த வளர்ப்பு. ஆகவே எந்தப் பக்கம் பார்க்க வேண்டும் என்று மட்டும் சொல்லுங்கள். இப்படிப்பட்ட நகைச்சுவை விளையாட்டுகளில் புதிரை எப்படி யோசிப்பது என்றும் தெரிந்தவர்கள் எழுதினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

வேலணைக் காற்று:

அக்கா, சட்டி எடுத்த குசினிக்குத் திரும்பிப் போங்கள். அதற்குப் பின்கதவு ஒன்று உண்டு. வெளியே இறங்குதுறைப் பலகைகளின் மேல் ஒரு பறவை இருக்கும். அது எதைக் கொத்துகிறது, எதன் மேல் நிற்கிறது என்று பிள்ளையை உற்றுப் பார்க்கச் சொல்லுங்கள். எல்லாப் பலகையும் இறுக்கமாக அடிக்கப்பட்டது அல்ல. குறிகட்டுவானில் படகுக்குக் காத்து நின்று பழகியவன் நான், அதனால் எனக்கு அது உடனே பிடிபட்டது.

இன்னொன்று. தவறாக ஏதும் செய்துவிடுவோமோ என்று பிள்ளை தயங்கினால் தைரியம் சொல்லுங்கள். அந்தக் காலத்துப் பல விளையாட்டுகளில் ஒரு கதவைத் தவறாகத் திறந்தாலே கதை முடிந்துவிடும். இதில் கைப்ரஷ் சாகமாட்டான். தண்ணீருக்கு அடியில் பத்து நிமிடம் மூச்சை அடக்குவான், அந்தப் பத்து நிமிடத்தையும் வீணாக்கினால்தான் ஆபத்து. மற்றபடி எதையும் எதனோடும் சேர்த்துப் பார்க்கலாம்.

பழைய நெகிழ்வட்டு:

அம்மா, பிள்ளை அந்தப் பொருளைக் கையில் எடுத்த பிறகு மட்டும் இதற்குக் கீழே வாசியுங்கள். திருநெல்வேலியில் கணினி திருத்தும் கடை வைத்திருக்கிறேன், இந்தப் பாலத்தில் ஒரு மாதம் நின்றவன்.

கிடைப்பது ஒரு மீன். அது ஏன் பூதத்துக்குப் பொருந்துகிறது என்பது தமிழில் யோசிக்கும் எவருக்கும் விளங்காது. பிழை உங்கள் பிள்ளையிடம் இல்லை. மீனின் பெயர் 'ரெட் ஹெரிங்'. ஹெரிங் என்பது நம் சூடை, சாளைக்கு உறவான குளிர்கடல் மீன். உப்பிட்டுப் புகையில் நெடுநேரம் வாட்டினால் செம்மண் நிறமாகி நன்றாக மணக்கும். வில்லியம் கொபெட் என்ற ஆங்கிலேயப் பத்திரிகையாளர் 1807இல் ஒரு கதை எழுதினார்: சிறுவன் ஒருவன் இந்த மீனை இழுத்துக்கொண்டு போய் வேட்டை நாய்களை முயலின் தடத்திலிருந்து திசைதிருப்பிய கதை. அதிலிருந்து, உண்மையை விட்டுக் கவனத்தை வேறு பக்கம் இழுக்கும் எதற்கும் ஆங்கிலத்தில் அந்தப் பெயர் நிலைத்துவிட்டது. பூதம் அந்த மரபுத்தொடரின் அர்த்தத்தைச் சொல்லி, மீனையே கேட்கிறது. ஆங்கிலம் தெரிந்த பிள்ளைக்கு அது சிரிப்பு. நமக்கு அது சுவர்.

1991இல் வந்த இரண்டாம் பாகத்தில் இதைவிடக் கடினமான ஒன்று இருக்கிறது. அருவியின் நீரை அடைக்க ஒரு பம்பைத் திருக வேண்டும். அதற்கான கருவி ஒரு குரங்கு! பியானோ வாசிக்கும் குரங்கை, பியானோவுக்குத் தாளம் காட்டும் ஊசல் கருவியின் மேல் வாழைப்பழத்தை ஆடவிட்டு மயக்கி, தூக்கிக்கொண்டு போய் அதைக்கொண்டே திருக வேண்டும். அந்தத் திருகு கருவியை அமெரிக்காவில் 'மங்கி ரென்ச்' என்பார்கள். இங்கிலாந்துக்காரர் ஸ்பனர் என்பார்கள், நாமும் ஸ்பனர் என்கிறோம். ஆங்கிலேயரே அங்கே தடுமாறினார்கள் என்று அறிந்தபோதுதான் என் மனம் ஆறியது.

எப்படி யோசிப்பது என்று கேட்டீர்கள். இந்த விளையாட்டை வடிவமைத்த ரொன் கில்பர்ட், அதற்கு முந்திய ஆண்டு, 1989இல், இவ்வகை விளையாட்டுகளின் குறைகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். அதில் எனக்குப் பிடித்த கருத்து: தடையை முதலில் காட்ட வேண்டும், அதைத் தீர்க்கும் பொருள் பிறகு வர வேண்டும். பூட்டைக் காணாமல் திறப்பு கையில் கிடைத்தால் அது புதிரே அல்ல. விளையாடுபவருக்கும் இது உதவும். புதிய இடத்துக்குப் போனதும் கண்ட பொருளை எல்லாம் பொறுக்குவதை விட்டு, முதலில் எவையெவை அடைபட்டிருக்கின்றன என்று பாருங்கள். பிறகு பொருளின் படத்தைப் பார்ப்பதோடு நில்லாமல் அதன் பெயரை வாசியுங்கள். 'நடுவில் கப்பி பூட்டிய இறப்பர்க் கோழி' என்ற நீண்ட பெயரில் சிரிப்பு கோழியில் இருக்கிறது, விடை கப்பியில் இருக்கிறது. உங்கள் தாயார் சிரிப்பை ஒதுக்கிவிட்டுக் கப்பியைப் பிடித்தார். அவருக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள்.

சொல்லற்றவன்:

மொழி தடையாக இருக்கும்போது மொழியே இல்லாத விளையாட்டைப் பிள்ளைக்குக் கொடுக்கலாமே? 'சமொரொஸ்ட்' என்று ஒன்று உண்டு. செக் நாட்டு யாக்குப் த்வோர்ஸ்கி மாணவராக இருந்தபோது செய்து 2003இல் வெளியிட்டது. உலாவியில் விளையாடுவதற்கென்றே ஃப்ளாஷ் என்ற மென்பொருளில் உருவாக்கப்பட்டது. வெள்ளை உடுப்புக் குள்ளன் ஒருவன் தன் சிறு கோளை மோதலிலிருந்து காப்பாற்றப் புறப்படுவான். படத்தில் கண்ட இடத்தைச் சொடுக்க வேண்டும், அவ்வளவுதான். ஒரு சொல்லும் இல்லை. 2020 முடிவில் ஃப்ளாஷ் நிறுத்தப்பட்டபோது இப்படிப்பட்ட நூற்றுக்கணக்கான விளையாட்டுகள் உலாவியிலிருந்து மறைந்தன. இப்போது ரஃபிள் என்ற மென்பொருளால் பலவற்றை மீண்டும் ஓட்ட முடிகிறது. என் மகன் நாலு வயதில் தொடங்கினான். என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை.

கொக்குவில் பெரியம்மா:

எல்லோருக்கும் நன்றி. பாலத்தைக் கடந்துவிட்டோம்!

வேலணைத் தம்பி சொன்னபடி குசினிக்குப் போனோம். சமையற்காரன் வெளியே போகும்வரை காத்திருந்து உள்ளே நுழைய வேண்டியிருந்தது. பின்கதவைத் திறந்ததும் பிள்ளை, "அந்தக் கடைசிப் பலகை வேறுமாதிரி இருக்கிறது" என்றாள். நான் எதையும் சொல்லவில்லை. கைப்ரஷ் பலகையில் மிதித்ததும் மறுமுனை எழும்பிப் பறவையைத் தூக்கி எறிந்தது. அது திரும்பி வந்தது. மறுபடி மிதித்தாள். மூன்றாவது தடவை மிதித்த கையோடு மீனை எடுத்துவிட்டாள். மீன் கையில் வந்ததும், அதை எதற்குக் கொடுப்பது என்று தெரியாமலேயே பூதத்திடம் ஓடினாள். கொடுக்க மிஞ்சியிருந்தது அது ஒன்றுதான். பூதம் வழிவிட்டது. ஆனால் அவள் சிரிக்கவில்லை. "ஏன் வாங்கினது?" என்று என்னைப் பார்த்தாள். அந்தக் கேள்விக்காகவே பழைய நெகிழ்வட்டு ஐயா எழுதியதை வாசித்துக் காட்டினேன். நாய்களின் கதையைச் சொன்ன பிறகுதான் சிரிப்பு வந்தது. "போக்குக் காட்டும் மீன்" என்று அதற்குப் பெயரும் வைத்துவிட்டாள். அம்மா மட்டும், அப்படி மணக்கும் கருவாட்டை விட்டுவிட்டு எந்த நாய் முயலுக்குப் பின்னால் போகும் என்று கேட்டார்.

சொல்லற்றவன் தம்பிக்கு: சமொரொஸ்ட்டை எடுத்து விளையாடினோம். படங்கள் கண்ணைவிட்டு அகலவில்லை, பாசி படிந்த மரவேரை அப்படியே கோளாக்கியிருக்கிறார்கள். பிள்ளை ஒரே மாலையில் முடித்துவிட்டாள். ஆனாலும் சொல்லே வேண்டாம் என்பதை நான் ஏற்கமாட்டேன். 'ஒரு சாடிக்குள் இரண்டு தைலம்' என்று நொடி போட்டால் பிள்ளை யோசிக்கும், முட்டை என்று கண்டுபிடித்துத் துள்ளும். முட்டையின் படத்தையே காட்டினால் நொடி எங்கே போனது? சொல் பொருளை மறைத்துவைக்கிறது, அதே சொல் பொருளைக் காட்டியும் கொடுக்கிறது. எனக்குக் கவலை தருவது வேறு: எங்கள் சொற்களை வைத்து யாரும் இப்படி ஒரு விளையாட்டைச் செய்து இந்தப் பிள்ளையின் கையில் கொடுக்கவில்லை. ஆங்கிலப் பிள்ளைக்குத் தன் மரபுத்தொடர் திரையில் மீனாகத் துள்ளுகிறது. எங்கள் பிள்ளைக்கு ஒன்றுமில்லையா?

இதை நான் சத்தமாகச் சொல்லிவிட்டேன் போலிருக்கிறது. அடுத்த நாள் பிள்ளை கொப்பித் தாளில் ஒரு புதிர் வரைந்து கொண்டுவந்தாள். காவற்காரன் ஒருவன் களவுபோன பூசணிக்காயைத் தேடி வீடு வீடாக வருகிறான். அலுமாரி சின்னது. கட்டிலுக்குக் கீழே இடமில்லை. கையில் இருப்பவை ஒரு முழுப் பூசணிக்காயும் ஒரு தட்டுச் சோறும். கீழே அவள் எழுதியிருந்த வினைச்சொல் ஒன்றுதான்: மறை.

அம்மா தாளை வாங்கிப் பார்த்துவிட்டு நெடுநேரம் சிரித்தார்.

விளையாட்டில் இப்போது சிறைக்கூண்டின் பூட்டுக்கு முன்னால் நிற்கிறோம். மதுச்சாலைக் குடிகாரர்கள் தங்கள் பானம் கோப்பைகளையே அரித்துத் தின்றுவிடும் என்று முன்பே சொல்லியிருந்தார்களாம். அதை நான் மறந்துவிட்டேன், பிள்ளை மறக்கவில்லை. மேசைகளில் கிடந்த கோப்பைகளை ஒவ்வொன்றாக எடுத்துச் சேர்த்துக்கொண்டிருக்கிறாள். எதற்கு என்று கேட்டால் சொல்ல மறுக்கிறாள். வரும் சனிக்கிழமை வரைக்கும் தயவுசெய்து யாரும் இங்கே எதையும் எழுதிவிடாதீர்கள்.