காலம் பின்னோக்கி ஓடும் டீக்கடைக் காட்சி: கிராஃபிக்ஸ் இல்லாமல் எடுப்பது எப்படி?

சுழல்கண்ணாடி:
குறும்படக் கதைப்படி மாலை 6 மணிக்கு ஒரு தெருவில் காலம் பின்னோக்கி ஓட ஆரம்பிக்குது, ஒரு பெண்ணுக்கு மட்டும் வழக்கம்போல. சிந்தின டீ கிளாசுக்குள் திரும்ப ஏறணும், அவள் அதைத் தாண்டி நடந்து வந்து ரெண்டு வரி பேசணும். ஃபோன் கேமரா, ஒரு டிரைபாட் இருக்கு. மொத்தத்தையும் ரிவர்ஸ் பண்ணினா அவளும் சேர்ந்து பின்னால் போயிடுவாளே?

நடைவண்டி:
தெரு இயல்பா இயங்கட்டும், அவளை மட்டும் கேமராவைப் பார்த்தபடி பின்னால் நடக்க விடுங்க. திருப்பினா அவள் நேரா வருவா, மத்ததெல்லாம் பின்னோக்கி ஓடும். கால் காட்டிக்கொடுக்காது. பின்னால் நடக்கும்போது முன்பாதம் முதலில் ஊன்றி, குதிகால் கடைசியில் எழும். திருப்பினா குதிகால் ஊன்றி முன்பாதம் எழும் சாதாரண நடைதான்.

மாட்டிவிடுவது முடியும் துப்பட்டாவும். நடந்து வருகிறவளின் முடி முகத்துப் பக்கம் பறந்தா பார்க்கிறவனுக்கு உடனே இடிக்கும். பின்னல் போட்டு, துப்பட்டாவை ரெண்டு பக்கமும் ஊக்கு குத்திடுங்க. திரும்பித் திரும்பிப் பார்க்காமல் இருக்க, கேமராவுக்குப் பின்னால் ஒருத்தர் "இடது, வலது, நில்" சொல்லட்டும், ஒலி எப்படியும் டப்பிங்தான். அவள் டீ குடிக்கிற ஷாட் மட்டும் வைக்காதீங்க. திருப்பும்போது சரியா வரணும்னா, எடுக்கும்போது வாயிலிருந்து கிளாசுக்குள் விட்டாகணும்!

ஊதுபத்தி:
பின்னணியில் என்ன நடக்குதுன்னு தேர்ந்தெடுப்பதில்தான் பாதி வேலை. மேலே போட்டுப் பிடிக்கும் பந்து, ஊஞ்சல் எல்லாம் திருப்பினாலும் அப்படியேதான் இருக்கும். புவியீர்ப்பைப் பார்த்து எது முன், எது பின் என்று சொல்ல முடியாது. உடைவது, கலப்பது, பரவுவது, இவைதான் காட்டும். சினிமா முன்னோடி லூயி லூமியேர் 1896இல் சுவர் இடிக்கும் படத்தைத் தலைகீழாக ஓட்டிக் காட்டினார். சுவர் எழுவதைவிட, பரவின புழுதி சுருங்கி உள்ளே போவதுதான் அதில் அழகு, என்னைக் கேட்டால்.

உங்களுக்கு ஊதுபத்திப் புகை, கிழியும் பேப்பர், டீ ஆற்றும் தாரை போதும். புகைக்குப் பின்னால் கறுப்புத் துணி, பக்கவாட்டு வெளிச்சம், ஃபேன் நிறுத்தம். தாரையைத் தனி குளோசப்பா நொடிக்கு 50 ஃபிரேமில் எடுத்துப் பாதி வேகத்தில் ஓட்டுங்க, ஷட்டர் (ஒரு ஃபிரேமுக்கு வெளிச்சம் விழும் நேரம்) 1/100 நொடி. நம்ம ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் பொருந்தாத ஷட்டர் வைத்தால் எல்இடி வெளிச்சம் பட்டை பட்டையா ஓடும்.

மெல்லினம்:
வசனத்துக்கு: அவள் தலைகீழாகப் பேசினால்தான் திருப்பும்போது உதடு பொருந்தும். ஆடாசிட்டி என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளில் வரியைப் பதிந்து, ரிவர்ஸ் போட்டு, அதை ரெண்டு மூணு அசையா உடைத்து அவளுக்கு மனப்பாடம் பண்ண வைங்க. எழுத்தைத் திருப்பி எழுதிக் கொடுத்தால் தப்பாகும். ஒலிப்படி "தமிழ்" திரும்பினால் "ழிமத்". எழுத்துப்படி "ழ்மித" வரும். "விகடகவி"கூட ஒலியில் "இவகடகிவ்" ஆகிடும். திருப்பின குரல் எப்படியும் மழுங்கித்தான் இருக்கும். அதனால் அதை உதட்டசைவுக்கு மட்டும் வைத்துக்கொண்டு, சுத்தமான குரலைப் பிறகு டப்பிங்கில் ஏற்றுங்க. உதட்டில் தெரிவது ப, ம, வ. இந்த மூணும் சரியா விழுந்தால் போதும். தெருச்சத்தத்தைத் திருப்பும்போது ஹாரன், பாத்திரச் சத்தம் எல்லாம் தேய்வதற்குப் பதில் வீங்கி வந்து வெட்டென நிற்கும். அதைக் கொஞ்சமாகவே விடுங்க, காது சீக்கிரம் சலிச்சிடும்.

பாகுபதம்:
ரிவர்ஸே பண்ணாமல் ஒரு ஷாட் எடுக்கலாம்: அவள் சாதாரணமா பேசுவா, அவள் முன்னால் கலந்த சாயம் தானாகப் பிரிந்து பொட்டாகும். இயற்பியலாளர் ஜி. ஐ. டெய்லர் காட்டிய சோதனை இது. அகலமான கண்ணாடி ஜாடி, நடுவில் தண்ணீர் நிரப்பின டம்ளர், சுற்றிலும் 1 செ.மீ. இடைவெளி, அதில் பேக்கரிப் பொருள் கடையில் கிடைக்கும் லிக்விட் குளுக்கோஸ். குமிழி போக ஒரு இரவு விட்டுடுங்க. சாயத்தை அதே குளுக்கோஸில் குழைத்து, சிரிஞ்சால் இடைவெளியின் மத்தியில் ஒரு பொட்டு வைங்க. டம்ளரை மெதுவா 3 சுற்று சுற்றினா சாயம் இழுபட்டு மறையும். கேமராவை அப்போது ஓட்டி, அதே 3 சுற்றை எதிர்ப்பக்கம் சுற்றுங்க. சுற்றும் கை ஃபிரேமுக்கு மேலே இருக்கட்டும்.

கெடுவது மூணு இடத்தில்: சாயத்தைத் தண்ணீரில் கரைத்தால் அது மேலே மிதந்து போகும், வேகமாகச் சுற்றினால் சுழல் வந்து நிஜமாகவே கலந்துவிடும், டம்ளர் ஆடினால் பொட்டு பழைய இடத்துக்கு வராது. சுற்றினதும் தாமதிக்காதீங்க, சாயம் மெல்ல ஊறிப் பரவும்.

சுழல்கண்ணாடி:
எல்லாருக்கும் நன்றி. ஒரு நிமிட 4கே கிளிப்பை எஃப்எஃப்எம்பெக் என்ற வீடியோ மென்பொருளில் திருப்பிப் பார்த்தேன், லேப்டாப் உறைஞ்சு போச்சு.

நடைவண்டி:
அந்த ரிவர்ஸ் ஃபில்டர் கிளிப் முழுவதையும் பிரித்து ரேமில் வைக்கும். 4கே ஃபிரேம் ஒன்று சுமார் 12.4 எம்பி, நொடிக்கு 25 ஃபிரேம் என்றால் நிமிடத்துக்கு 18.7 ஜிபி. 5 நொடித் துண்டுகளா வெட்டி, ஒவ்வொன்றையும் திருப்பி, கடைசித் துண்டை முதலில் வைத்து ஒட்டுங்க.